இன்னா கீது

போனில் புதுக் கண்ணாடியை ஒட்டி, கட்டை விரலால் காற்றுக்குமிழை ஓரத்துக்குத் தள்ளிக்கொண்டே ஸ்டான்லி சொல்கிறார்: "எங்க, வாயால ஒரு தபா சொல்லு." எதிரே நிற்கும் கல்லூரி மாணவன் ஷ்ரவண், போன் விளையாட்டுக்காகத் தேடிப்பிடித்த பெயரைச் சொல்லிப் பார்க்கிறான். டார்க் டெவில் கிங் ஆஃப் ஏதோ ஒன்று. பாதியிலேயே மூச்சு வாங்குகிறது. "குண்டு பறந்துகினு இருக்க சொல்ல உன் ஆளு இத்த முழுசா கூப்டறதுக்குள்ள நீ செத்துருவ," என்கிறார் ஸ்டான்லி. தினமும் தாம்பரம் ரயிலைத் தவறவிட்டு இங்கே வந்து நிற்பவன் அவன். 'லேட்டு லார்டு' என்று வைத்து அனுப்புகிறார். புதுப் பெயரைச் சொல்லிச் சொல்லிப் பார்த்துக்கொண்டே படியேறுகிறான். அதற்குள் அடுத்த ரயிலும் போய்விடுகிறது.

கூடுவாஞ்சேரி ரயில் நிலையத்துக்கு வெளியே, நிமிர்ந்தால் தலை இடிக்கும் கடை. செல்போனுக்குக் கண்ணாடி ஒட்டுவது, உறை போடுவது, சார்ஜ் ஏறும் துளையில் சேர்ந்த அழுக்கை ஊசியால் எடுப்பது, இதுதான் பிழைப்பு. விளையாட்டுக்கும் இன்ஸ்டாகிராமுக்கும் பெயர் வைத்துக் கொடுப்பது உபரி. அதற்குக் காசு வாங்கமாட்டார். "எனுக்கு ஓசில கெடச்சது, நானும் ஓசில குடுக்கறேன்," என்பார். பெயரைச் சுற்றி சிறகு, கத்தி என்று குறிகள் கேட்பவர்களைக் கொஞ்சம் காக்க வைப்பார். "மொதல்ல பேரு. அப்பால நகை." ஆன்லைனில் செஸ் ஆடும் ஓய்வுபெற்ற ஆசிரியர் பாஷ்யத்துக்கு இவர் வைத்தது 'சிப்பாய் சித்தப்பா'. "ஆத்துல எல்லாரும் சிரிக்கிறா, ஸ்டான்லி," என்று குறைப்பட்டுக்கொண்டு வந்த மனிதர், பெயரை மாற்றச் சொல்லவில்லை. பக்கத்தில் ஒரு கிரீடம் வைத்துக்கொண்டு போனார்.

ஊருக்கெல்லாம் பெயர் வைப்பவருக்குத் தன் பெயரைச் சொல்ல வராது. ஸ்டான்லிக்குத் திக்குவாய். மற்றச் சொற்களில் லேசாகத் தடுக்கி எழுந்துவிடுவார். சொந்தப் பெயரில்தான் குப்புற விழுவார். ஏழாம் வகுப்பில் புதிதாக வந்த கணக்கு வாத்தியார், வரிசையாகப் பெயர் சொல்லச் சொன்னார். இவர் முறை வந்ததும் 'ஸ்' என்ற சத்தத்தைத் தாண்டி ஒன்றும் வரவில்லை. வேண்டுமென்றே செய்கிறான் என்று நினைத்த வாத்தியார், வகுப்பு வாசலில் முட்டி போட வைத்தார். உள்ளே எழுந்த சிரிப்பு இந்த நாற்பது வயதிலும் அவர் காதில் இருக்கிறது. கல்யாணமான நாள் முதல் அந்தப் பெயரை மனைவி ரெஜினாதான் சொல்லி வருகிறார். ஆஸ்பத்திரியில், பேங்கில், மகள் சிநேகாவின் பள்ளிக்கூடத்தில், "பேரு?" என்று யாராவது ஆரம்பித்தாலே போதும், ரெஜினாவின் வாயிலிருந்து வந்துவிடும். அன்பால்தான் சொல்கிறார், அது இவருக்கும் தெரியும்.

மூன்று வருஷத்துக்கு முன், கூட்டம் இல்லாத மதியங்களில் போனில் சுடும் விளையாட்டு ஒன்றை ஆடத் தொடங்கினார். நாலு பேர் ஓர் அணி. மைக்கில் பேசிக்கொண்டே ஆட வேண்டும். சொந்தப் பெயரிலேயே நுழைந்தார். "ஸ்டான்லி, லைன்ல இருக்கீங்களா?" என்று யாராவது கேட்டால் அந்த வாத்தியாரே கேட்டதுபோல வாய் பூட்டிக்கொள்ளும். மைக் கெட்டுப்போன ஆள் என்று நினைத்து வெளியே தள்ளிவிடுவார்கள். வேறு பெயராவது வைப்போம் என்று பெயர் அடிக்கும் கட்டத்தையே பார்த்துக்கொண்டு ஒரு நாள் உட்கார்ந்திருந்தார். சாப்பாடு கொண்டுவந்த ரெஜினா எட்டிப் பார்த்து, "இன்னா கீது அதுல? அப்டி மொறச்சிகினு கீற," என்றார். ஸ்டான்லி அந்த முதல் இரண்டு சொற்களையே ஆங்கில எழுத்தில் அடித்தார். இன்னா கீது.

செங்கல்பட்டுப் பக்கம் 'கீது' என்றால் 'இருக்கிறது'. தெற்கே போகப் போக அது ஒரு பெண்ணின் பெயர். முதல் ஆட்டத்திலேயே தூத்துக்குடி லட்சுமணன் மரியாதையாக ஆரம்பித்தார்: "கீது அக்கா, உங்க அப்பா பேரு இன்னாசியா? எங்க ஊர்ல ஏகப்பட்ட இன்னாசி இருக்காவ." ஸ்டான்லிக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. அதே சிரிப்போடு, "அக்கா இல்லபா, அண்ணாத்த. அது பேரு இல்ல, கேள்வி," என்று ஒரே மூச்சில் சொல்லிவிட்டார். சொல்லி முடித்த பிறகுதான் எங்கேயும் தடுக்கவில்லை என்பது உறைத்தது. கேள்வி கேட்கும்போது அவருக்கு நாக்கு சிக்காது. பதில் சொல்லும்போதுதான் சிக்கும். பெயரே கேள்வியாகிவிட்டால் யாருக்கு என்ன பதில் சொல்ல வேண்டும்? அன்றிலிருந்து அந்த அணியின் வாயாடி அவர்தான். லட்சுமணனோடு பொள்ளாச்சி ஹரிப்ரியாவும் தேனி காசிநாதனும் சேர்ந்துகொண்டார்கள்.

"அந்த டீம்ல நான் திக்குவாயே இல்ல," என்பார். அதைச் சொல்லும்போது குரல் இறங்கிவிடும். ரெஜினா அவரைத் தேற்றும் விதம் வேறு. "உங்கம்மா வச்ச பேரு ஒண்ணு, நான் வச்ச பேரு ஒண்ணு. எது நல்லா கீதுனு பாத்துக்கோ," என்பார்.

அந்த விளையாட்டில் குண்டு பட்டவர் உடனே சாவதில்லை, தரையில் தவழ்வார். கூட்டாளி ஒருவர் ஓடிவந்து பக்கத்தில் முட்டி போட்டுப் பத்து நொடி அசையாமல் இருந்தால் எழுந்துவிடலாம். அந்தப் பத்து நொடியில் முட்டி போட்டவரையும் சுட்டுவிடுவார்கள். தெரிந்தேதான் போடுவார்கள். லட்சுமணன் தனக்காக முட்டி போட்டுச் செத்த கதைகளை ஸ்டான்லி வாடிக்கையாளர்களிடம் அலுக்காமல் சொல்வார். அந்த லட்சுமணனே உண்மைப் பெயரைக் கேட்டால் மட்டும், "சொன்னா இன்னா தருவ?" என்று நழுவிவிடுவார்.

இப்போது அவர்கள் கூப்பிடுவது 'ஸ்டான்லி அண்ணாத்த' என்று. அந்தப் பெயர் அவர்களுக்குத் தெரிந்தது போன பிப்ரவரியில்.

ஹரிப்ரியாவுக்குச் சிறுசேரியில் வேலை கிடைத்தது. அதைக் கொண்டாட மூன்று பேரும் மாமல்லபுரம் வருவதாக ஏற்பாடு. "நீங்க வந்தே ஆகோணுங்ணா," என்றாள் அவள். ஸ்டான்லி கடையைச் சாக்குச் சொன்னார். வீட்டில் உண்மையைச் சொன்னார்: "வாணாம் ரெஜினா. நேர்ல பாத்தா அவுங்களுக்குத் தெரிஞ்ச ஆளு நான் இல்ல." ரெஜினா விடவில்லை. "மூணு வருசமா உனுக்காக செத்துகினு கீறாங்க. மூஞ்சியக் காட்றதுக்கு உனுக்கு பேஜாரா கீதா?" என்று எலுமிச்சை சாதத்தைக் கட்டிக்கொண்டு கூடவே கிளம்பினார். செங்கல்பட்டில் பஸ் மாறி, திருக்கழுக்குன்றம் தாண்டும் வரை ஸ்டான்லி ஜன்னல் பக்கம் திரும்பி உதட்டுக்குள் தன் பெயரைச் சொல்லிப் பார்த்துக்கொண்டே வந்தார். தனியாகச் சொன்னால் அழகாக வந்துவிடும். அதுதான் அவருக்கு ஆத்திரம்.

கடற்கரையில் மூவரையும் குரலை வைத்தே கண்டுபிடித்துவிட்டார். கட்டிப்பிடித்து, தோளைத் தட்டி முடித்ததும் காசிநாதன் பிடித்துக்கொண்டார். "பேரச் சொல்லுங்கண்ணே. இன்னைக்குத் தப்பிக்க முடியாது." பழைய கேள்வி நாக்கு நுனியில் தயாராக இருந்தது. கேட்டிருந்தால் எல்லாரும் சிரித்துவிட்டுச் சாப்பிட உட்கார்ந்திருப்பார்கள். ஸ்டான்லி கேட்கவில்லை. மூன்று வருஷம் தன்னை வாய் நிறையப் பேச வைத்தவர்களுக்குத் தன் பெயரையாவது தன் வாயால் கொடுக்க வேண்டும் என்று பஸ்ஸிலேயே முடிவு செய்திருந்தார்.

"என் பேரு ஸ்…"

விழுந்துவிட்டார். கண்கள் இறுக மூடிக்கொண்டன, கழுத்து நரம்பு புடைத்தது, வாயிலிருந்து காற்று மட்டும் வந்தது. சங்கு விற்றுக்கொண்டு போனவர் நின்று பார்த்தார். ரெஜினா வழக்கம்போல வாயைத் திறந்தார்.

அதற்குள் லட்சுமணன் ஸ்டான்லிக்குப் பக்கத்தில் மணலில் முட்டி போட்டார். அவரைப் பார்த்துவிட்டு ஹரிப்ரியாவும், தோள்பையைக் கழற்றாமலே, போட்டாள். காசிநாதன் போட்டார். மூன்று பேரும் அசையாமல் ஸ்டான்லியின் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

ரெஜினா அந்த விளையாட்டை ஒரு நாளும் ஆடியதில்லை. வாய் வரை வந்துவிட்ட கணவரின் பெயரை விழுங்கிக்கொண்டு, சாப்பாட்டுப் பையைக் கீழே வைத்து, சேலையைச் சற்றுத் தூக்கிச் செருகி, நாலாவது ஆளாக முட்டி போட்டார்.