அட்டை மாற்றிய சிவப்பிரகாசம்

திருத்தணி வாசகசாலையில் மூன்றே அலமாரிகள்: சரித்திரம், வியாபாரம், சங்கீதம். கதை படித்தால் ஊர் கெட்டுவிடும் என்று அதைக் கட்டிக்கொடுத்த பெரிய மனிதர் நினைத்தார். அவர் புண்ணியத்தில் அங்கே ஈ காக்கைகூட எட்டிப்பார்ப்பதில்லை. அந்த அலமாரிகளைக் கட்டிக்கொண்டு அழுதவர் சிவப்பிரகாசம், என் அக்கா மணியம்மையின் புருஷன். அவரை நான் பாவா என்றுதான் கூப்பிடுவேன். பல்லி கத்தினால்கூடப் பயப்படுகிற மனிதர். அவரிடம்தான் நாற்பத்திரண்டாம் வருஷம், சர்க்கார் தடை செய்த புத்தகம் ஒன்று இருந்தது.

வெள்ளைக்காரன் இந்த நாட்டை எப்படிப் பிடித்தான் என்று சொல்லும் சரித்திரம் அது. ஆகஸ்டு மாதத்திலிருந்து போலீஸ்காரர்கள் ஊர் ஊராக ஆட்களை அள்ளிக்கொண்டு போனார்கள். என்னைக் கேட்டிருந்தால் அடுப்பில் போடச் சொல்லியிருப்பேன். பாவாவுக்குக் கை வரவில்லை. யாரிடமும் சொல்லாமல் அட்டையைக் கிழித்துவிட்டு, கடை நடத்துவது பற்றிய ஒரு புத்தகத்தின் சிவப்பு அட்டையை அதற்கு ஒட்டி, வியாபார அலமாரியில் சொருகிவிட்டார். கடைக்காரன் எவன் புத்தகம் படிக்கிறான் என்ற தைரியம். ஆயுதபூஜையை மறந்துவிட்டார்.

பூஜையன்று அவர் மலைக்கோயிலுக்குப் போயிருந்தபோது, மளிகைக்கடை பங்காரு செட்டியார் வந்திருக்கிறார். தராசோடு ஒரு வியாபாரப் புத்தகத்தையும் வைத்துக் கும்பிட வேண்டுமாம். வாசகசாலையின் பின்கட்டில்தான் அவர்கள் குடியிருந்தார்கள்; அக்கா வந்து அலமாரியைக் காட்டிவிட்டாள்.

“எந்தப் புஸ்தகத்தைக் குடுத்த?” என்றார் திரும்பி வந்த பாவா.

“செவப்பு அட்ட. தடியா கீதுன்னு அவுரே எடுத்துகினாரு. ஏன், இன்னா இருக்குது அதுல?”

“ஜெயிலு இருக்குது.”

எட்டு மாத வயிற்றோடு நின்றிருந்த அக்கா அப்படியே உட்கார்ந்துவிட்டாள்.

பாவா கடைக்கு ஓடினார். தராசுக்குப் பக்கத்தில் சந்தனமும் குங்குமமும் வைத்து, மேலே பூவும் போட்டிருந்தது புத்தகத்துக்கு.

“பூஜைல வச்சத எடுக்கலாமா சாமி? நாளைக்கி வாங்க. இன்னா அவசரம்?” என்றார் செட்டியார்.

என்ன அவசரம் என்று எப்படிச் சொல்வது? திரும்பி வந்தவர் சோற்றில் கை வைக்கவில்லை. “நீங்க உள்ள பூட்டா இந்தக் கொழந்தைய நான் எப்படி வளக்கறது?” என்று அக்கா கேட்டுக்கொண்டே இருந்தாள். எனக்கு அவர்மேல் அப்படி ஒரு கோபம். பயமும்தான்.

விஜயதசமி காலையில் பூஜையை எடுக்கும்போது, வைத்த புத்தகத்தில் நாலு வரியாவது படிக்க வேண்டும். செட்டியாருக்குத் தமிழ் பேசத் தெரியும், தெலுங்கு மட்டும்தான் படிக்கத் தெரியும். நானும் பாவாவும் விடிந்ததும் கடையில் போய் நின்றோம். எங்களுக்கு முன்பே பொரி வாங்க வந்து உட்கார்ந்திருந்தார் போலீஸ் ஏட்டு கஜபதி.

“ஏட்டையா, உங்க வாயால நாலு வரி படிங்க” என்று செட்டியார் புத்தகத்தை நீட்டினார்.

“நான் படிக்கிறேனே” என்று பாவா குறுக்கே பாய்ந்தார்.

“நீங்க தெனமும் படிக்கிறவரு. சர்க்கார் மனுசரு படிக்கட்டும்.”

ஏட்டு நடுவில் பிரித்தார். அவர் முகம் மாறியது. புத்தகத்தை மூடி அட்டையைப் பார்த்தார். பிறகு பாவாவைப் பார்த்தார். பாவா என் கையைப் பிடித்த பிடியில் நகம் பதிந்துவிட்டது.

ஏட்டு மறுபடி பிரித்து, தொண்டையைக் கனைத்துக்கொண்டார்.

“வியாபாரிக்கு நாணயம் முக்கியம். எடையில் கை வைத்தால் கடை விளங்காது.”

செட்டியார் தராசைத் திருட்டுத்தனமாக ஒரு பார்வை பார்த்துவிட்டுக் கன்னத்தில் போட்டுக்கொண்டார். அந்தப் புத்தகத்தில் அப்படி ஒரு வரியே கிடையாது.

“நானே கொண்டாந்து குடுத்துடறேன்” என்று புத்தகத்தோடு நடந்தார் ஏட்டு. ஸ்டேஷனுக்குத்தான் போகிறார் என்று நினைத்து நாங்கள் பின்னாலேயே போனோம். அவர் வாசகசாலைக்குள் நுழைந்து மேஜைமேல் புத்தகத்தை வைத்தார்.

“யோவ், கடத்தெருவுல குந்திகினு வியாபார அட்டையா போடுவ? சங்கீத அட்டையப் போடு. ஒருத்தனும் தொடமாட்டான். வூட்ல புள்ளத்தாச்சிய வச்சிகினு...”

அவர் போனதும் பாவா தரையில் உட்கார்ந்து குலுங்கிக் குலுங்கி அழுதார். அன்றைக்கே அட்டையும் மாறியது.

அடுத்த மாதம் பெண் குழந்தை பிறந்தது. பாவா அதற்குப் பிறகும் பல வருஷம் அந்த அலமாரிகளைப் பார்த்துக்கொண்டார். சங்கீதப் புத்தகத்தைக் கேட்டு வந்தவர் ஒரே ஆள்தான். வாரம் தவறாமல், தொப்பியைக் கழற்றி அக்குளில் இடுக்கிக்கொண்டு, ஓரமாக உட்கார்ந்து படித்துவிட்டுப் போவார் ஏட்டு கஜபதி.