இரண்டு சிவப்பு ஐசியும் ஒரு கடலும்

கடலுக்குப் பேர் வைப்பது நாடுகளின் வேலை. மலேசியாவில் எங்கள் கம்பத்தில், அதாவது எங்கள் குடியிருப்பில், அந்த வேலையை இரண்டு பேர் எடுத்துக்கொண்டு செய்தார்கள். ஒருவர் என் வீட்டுக்காரர். கல் குவாரியில் பாறை உடைக்கிறவர். மற்றவர் சாமான் கடை முதலாளி, எங்கள் வாயில் தவுக்கே. சீனர்தான், ஆனால் தோட்டத்துப் பக்கம் கடை வைத்துப் பழகியதால் வார்த்தைக்கு வார்த்தை 'லா' போட்டுத் தமிழ் நன்றாகப் பேசுவார், தமிழில் இன்னும் நன்றாகத் திட்டுவார். இரண்டு பேரும் அதுவரை கடலைக் கண்ணால் பார்த்ததில்லை. இரண்டு பேரிடமும் இருந்தது சிவப்பு ஐசி.

ஐசி என்றால் அடையாள அட்டை. சிவப்பு ஐசி என்றால் நீ இந்த நாட்டுக்காரன் இல்லை என்று அர்த்தம். நீலம் என்றால் குடிமகன். என் வீட்டுக்காரர் கோப்பெங் பக்கம் ஒரு கித்தா தோட்டத்தில், அதாவது ரப்பர் தோட்டத்தில், பிறந்தவர். தொழிலாளர் லயத்தில் பிறந்த பிள்ளையைப் பதிய வேண்டிய தோட்டத்துக் குமாஸ்தா, கிராணி, பதியவில்லை. அந்தத் தோட்டத்தில் மாடுகளுக்குக் கணக்கு இருந்தது, இவருக்கு இல்லை. என்னிடம் நீல ஐசி இருந்தது. அது என் சாமர்த்தியம் இல்லை. என் அம்மாவுக்கு வலி அதிகமாகி ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு போனதால் பிறப்புப் பத்திரம் கிடைத்தது. சுகமாகப் பிறந்தவர் அந்நியர், கஷ்டப்பட்டுப் பிறந்தவள் குடிமகள். இதுதான் சட்டம். இதை யோசித்தால் இன்றைக்கும் எனக்கு எரிச்சல் வரும்.

தோட்டத்தைத் துண்டு துண்டாக விற்றார்கள். நாங்கள் ஈப்போவுக்கு வந்து, லகாட் ரோட்டோரம் ஈயம் தோண்டிக் கைவிட்ட பழைய லொம்போங் குட்டைக்குப் பக்கத்தில் ஒரு பலகை வீட்டில் வாடகைக்கு இருந்தோம். கித்தா மரம் சீவிக்கொண்டிருந்த நான் செருப்பு செய்யும் சிலிப்பர் கம்பெனியில் ரப்பருக்குப் பசை தடவப் போனேன். மழை பெய்தால் குட்டை வீட்டுக்குள் வரும். அப்போதுதான் அரசாங்கம் மலிவு வீடு கட்டிக் கொடுக்கப் போகிறது என்றார்கள். ஆனால் குடும்பத் தலைவருக்கு நீல ஐசி இருக்க வேண்டுமாம். எங்கள் வீட்டில் யார் தலைவர் என்று அவர்கள் அக்கம்பக்கத்தில் விசாரித்திருந்தால் எனக்கே கொடுத்திருப்பார்கள். விசாரிக்கவில்லை. அதனால் இவர் குடியுரிமைக்கு மனு போட்டார். நேர்முகத்தில் பாஸானால் நீல ஐசி, நீல ஐசி வந்தால் வீடு. எனக்கு வேறு எந்த ஆசையும் இல்லை. தரை நனையாத ஒரு வீடு, அவ்வளவுதான்.

எழுபதுகளின் கடைசி அது. அரசாங்கம் கடலையும் கோடு போட்டுச் சேர்த்துப் புது வரைபடம் வெளியிட்டிருந்தது. சுற்றியிருந்த நாடுகள் முறைத்துக்கொண்டன. ஒரே தீவுக்கு நாலு நாட்டுக்காரன் நாலு பேர் வைத்திருந்தான். ஒரே கடலை ஒருத்தன் தெற்குக் கடல் என்றான், இன்னொருத்தன் கிழக்குக் கடல் என்றான். பிஸ்கட் ஏஜெண்டு கொடுத்த ஒரு பெரிய வரைபடத்தைத் தவுக்கே தன் கடையில் அரிசி மூட்டைக்கு மேலே மாட்டிவைத்தார். சனி அங்கிருந்துதான் புறப்பட்டது.

"அண்ணே, இங்க பாரு" என்றார் தவுக்கே, தென் சீனக் கடல் மேல் விரலை வைத்து. "லாவுட் சீனா செலாத்தான். எங்க தாத்தா வூட்டுக் கொல்லைலா இது."

என் வீட்டுக்காரர் சும்மா இருப்பாரா? வரைபடத்தின் இடது ஓரத்தில் இந்தியப் பெருங்கடலைத் தேடிப் பிடித்தார்.

"இது என்னா போட்டிருக்கு? லாவுத்தான் ஹிண்டி. உனக்குக் கடலு, எனக்கு மகா சமுத்திரம். உன் கடலைத் தூக்கி என் சமுத்திரத்துல போட்டா, தேடினாலும் கிடைக்காது."

"பெரிசா இருந்து என்னாலா பண்றது? உன் சமுத்திரத்துல எண்ணெய் இருக்கா? எங்கிட்ட எண்ணெய் இருக்கு."

"உங்கிட்ட இருக்கறது தேங்காயெண்ணெய். அதுலயும் கலப்படம்."

தபால்கார மலாய்க்காரர் ஒருவர் தினமும் அங்கே மோட்டார் சைக்கிளை நிறுத்தி ஆரஞ்சு பாட்டில் குடிப்பார். நல்ல மனுஷர். அவர் சிரித்துக்கொண்டே சொன்னார்: "சரி, கடலு உனக்கு, சமுத்திரம் உனக்கு. ரெண்டு பேரும் பிரிச்சுக்கிட்டுக் கிளம்புங்க. மிச்சம் இருக்கிற நிலத்தை நான் பாத்துக்கறேன்."

கடையே சிரித்தது. தவுக்கேயும் சிரித்தார். என் வீட்டுக்காரர் மட்டும் பாதிச் சிரிப்பில் நிறுத்திவிட்டார். வீட்டுக்கு வந்து சாப்பிட உட்கார்ந்தவர் சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தார்.

"இந்தப் பக்கத்துக் கடலு சீனாவுக்கு. அந்தப் பக்கம் இந்தியாவுக்கு. அப்ப நம்ம நாட்டுக்குன்னு என்னாதான் இருக்கு?"

"ரசம் இருக்கு. ஊத்தவா?" என்றேன்.

"லாவுட் மலேசியா. அதுதான் சரி. நம்ம நாட்டுக் கடலுக்கு நம்ம நாட்டுப் பேரு."

அன்றைக்கே ரசச் சட்டியைத் தலையில் கவிழ்த்திருக்க வேண்டும். செய்யவில்லை.

நேர்முகத்துக்கு நாள் வந்தது. கம்பமே வாத்தியாராக மாறிவிட்டது. ஒருத்தியிடம் கொசுவுக்கு மலாயில் என்ன என்று கேட்டார்களாம். அவள் வாயைத் திறக்காமல் காற்றில் பட்டென்று கையைத் தட்டிக் காட்டினாளாம், பாஸாம். தேசியக் கோட்பாடான ருக்குன் நெகாராவைச் சொல்லச் சொல்வார்கள், கொடியில் எத்தனை கோடு என்று கேட்பார்கள், கடல் கேள்வி கட்டாயம் வரும் என்று எல்லோரும் சொன்னார்கள். கடலைக் கேட்டால் லாவுட் சீனா செலாத்தான் என்று சொல்ல வேண்டும், அவ்வளவுதான். மூன்று சொல். இவர் அந்த மூன்று சொல்லைத் தவிர எல்லாவற்றையும் மனப்பாடம் செய்தார்.

அந்த நேரம் பார்த்து கடற்கரைப் பக்கம் பாகான் டத்தோவில் தென்னந்தோட்டத்தில் இருந்த என் அக்கா வீட்டில் காதுகுத்து. பஸ் மாறிப் போனோம். விசேஷம் முடிந்ததும் இவர், "கடலைப் பாக்கணும்" என்றார். போய்ப் பார்த்தோம். நீலமாக இருக்கும் என்று நினைத்து வந்திருக்கிறார். அது தேத்தண்ணி நிறத்தில் இருந்தது. கரை முழுக்கச் சேறு. ஒரு மலாய் மீனவர் படகில் உட்கார்ந்து வலையைத் தைத்துக்கொண்டிருந்தார். இவர் செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு முழங்கால் சேற்றில் இறங்கிப் போய் அவரிடம் மலாயில் கேட்டார்: "இந்தக் கடலுக்கு என்னா பேரு?"

மீனவர் இவரை மேலும் கீழும் பார்த்தார். "கடலுக்கு எதுக்குப் பேரு? கூப்பிட்டா வரவா போவுது?"

இவருக்கு ஒரே சந்தோஷம். சேற்றைக் கழுவக்கூட இல்லை. "கேட்டியா? கடல்ல பொழைக்கிறவனே பேர் இல்லைங்கறான். அப்ப யார் வேணும்னாலும் வைக்கலாம்."

"இது மலாக்கா நீரிணை. கேள்வி வரப்போறது அந்தாண்ட இருக்கற கடலுக்கு."

"எல்லாம் ஒரே தண்ணிதான்."

"ஒரே தண்ணின்னா அப்புறம் எந்தப் பேரைச் சொன்னா என்னாங்க? அவங்க கேக்கற பேரைச் சொல்லித் தொலைங்களேன்!"

செருப்பை உதறிப் போட்டுக்கொண்டு பஸ் ஏறினார். பஸ்ஸில் வீடு வந்து சேரும்வரை சேற்று நாற்றம் மட்டும்தான்.

நேர்முகத்தன்று நானும் கம்பெனிக்கு லீவு போட்டுவிட்டுப் போனேன். அறைக்கு முக்கால் உயரம்தான் பலகைத் தடுப்பு. வெளியே பெஞ்சில் இருந்தால் உள்ளே பேசுவது எல்லாம் கேட்கும். இளவயசு அதிகாரி. மரியாதையாகத்தான் பேசினார். இவர் ருக்குன் நெகாரா சொன்னார், பாஸ். கொடி, பாஸ். இவர் மலாய் பேசினால் மலாய்க்காரர்களே திரும்பிப் பார்ப்பார்கள், அவ்வளவு சரளம். என் மடியில் வீட்டுச் சாவி வந்து விழுந்துவிட்டதுபோல இருந்தது.

"தீபகற்பத்துக்கும் சரவாக்குக்கும் நடுவுல இருக்கற கடல் எது?"

இவர் தொண்டையைச் செருமினார். நான் பெஞ்சில் ஏறினேன். தடுப்புக்கு மேலே வாயை வைத்துக் கத்தினேன்: "சீனா செலாத்தான்!"

"யார் அது?" என்றார் அதிகாரி.

"என் சம்சாரம், துவான். அவளுக்கு நீல ஐசி."

"அவங்களுக்குத் தெரிஞ்சிருக்கே. நீங்க சொல்லுங்க."

"லாவுட் மலேசியா, துவான்."

"அப்படி ஒரு கடலே இல்லை."

"இருக்கு, துவான். தண்ணி அங்கதான் இருக்கு. பேருதான் இன்னும் வைக்கலை. நம்ம நாட்டுக் கடலுக்கு எதுக்கு இன்னொரு நாட்டுப் பேரு?"

அதிகாரிக்குச் சிரிப்பு வந்ததா கோபம் வந்ததா என்று பலகைக்கு இந்தப் பக்கம் தெரியவில்லை. கொஞ்சம் பொறுத்துக் கேட்டார்: "அப்ப லாவுத்தான் ஹிண்டியையும் மாத்திடலாமா? இந்தியாவுல உங்க சொந்தக்காரங்க கோவிச்சுக்க மாட்டாங்களா?"

"அங்க எனக்கு யாரையும் தெரியாது, துவான்."

தவுக்கே கடையில் சமுத்திரத்தைத் தூக்கிக்கொண்டு ஆடிய மனுஷர் அதைச் சொன்ன விதத்தைக் கேட்டு நான் பெஞ்சில் உட்கார்ந்துவிட்டேன். அதிகாரி ஃபைலை மூடும் சத்தம் கேட்டது. பிறகு, "போயிட்டு வாங்க, தகவல் வரும்" என்றார்.

தகவல் வந்தது. மொழி தேறியிருக்கிறது. பொது அறிவு போதாது. மீண்டும் மனு செய்யலாம்.

அன்றைக்கு நான் பேசியது பக்கத்து வீடுகளுக்கு எல்லாம் கேட்டிருக்கும். "யோவ், உனக்கே பிறப்புப் பத்திரம் கிடையாது, நீ கடலுக்குப் பேர் வைக்கப் போறியா? அந்தக் கடலு வந்து உன்னைக் கேட்டுதா? வூட்டுக்குள்ள வர்ற குட்டைத் தண்ணிக்குப் பேர் வையி மொதல்ல!"

அவர் குட்டைப் பக்கம் போய் நின்றுகொண்டார். பாவமாகத்தான் இருந்தது. அதற்காக நான் குரலைக் குறைக்கவில்லை.

மறுபடி அழைப்பு வருவதற்குள் எண்பதுகள் பிறந்துவிட்டன. இந்தத் தடவை தவுக்கேயும் மனு போட்டிருந்தார். அவருக்கும் மகன் பேரில் கடை லைசென்ஸ், மகள் கல்யாணம் என்று ஆயிரம் தொல்லை. ஒரே நாளில் இருவருக்கும் நேர்முகம். அரிசி மூட்டைக்கு மேலே இருந்த வரைபடத்தின் முன்னால் இரண்டு பேரையும் நிற்கவைத்து நான் கேள்வி கேட்டேன். என் வீட்டுக்காரர் விளக்கெண்ணெய் குடித்த முகத்தோடு, "லாவுட் சீனா செலாத்தான்" என்றார். நான் சத்தியம் வாங்கியிருந்தேன். அடுத்து தவுக்கேயைக் கேட்டேன். அவர் கதவை எட்டிப் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார்.

"தங்கச்சி, அதை மட்டும் நான் அங்க சொல்ல மாட்டேன்லா."

"எதை?"

"சீனான்னு. கவர்மெண்டு ஆபீஸ்ல உக்காந்து நான் வாயைத் திறந்து சீனான்னு சொன்னா, எதிர்ல இருக்கறவன் என்னா நினைப்பான்? இவன் மனசு இன்னும் அங்கதான் இருக்குன்னு எழுதிருவான். சின்ன வயசுல, கம்யூனிஸ்டுக்கு உதவறோம்னு சந்தேகப்பட்டு, எங்களை எல்லாம் கம்பி வேலிக்குள்ள வெச்சிருந்தாங்க. உனக்குத் தெரியாது."

"இவ்ளோ நாளும் எங்க தாத்தா வூட்டுக் கொல்லைன்னு ஆடினியே!"

"அது கடையிலலா!"

என்னதான் சொல்வது? ஒருத்தர் சீனா என்று சொல்லப் பிடிக்காமல் கெட்டார். இன்னொருத்தர் சீனா என்று சொல்லப் பயந்து கெடப் போகிறார். கடல் அது பாட்டுக்கு எங்கேயோ கிடக்கிறது.

இந்தத் தடவை வயசான அதிகாரி. என் வீட்டுக்காரரை முதலில் கூப்பிட்டார். கடல் கேள்வி வந்தது. பலகைக்கு இந்தப் பக்கம் நான் காதைத் தீட்டிக்கொண்டேன். "லாவுட் சீனா செலாத்தான்" என்றார், பல் பிடுங்கிக்கொள்கிறவர்போல. "சரி" என்றார் அதிகாரி. அவ்வளவுதான். வெளியே வந்து என் பக்கத்தில் உட்கார்ந்து, "போதுமா?" என்றார். "போதும்" என்றேன்.

அடுத்து தவுக்கே. அதே கேள்வி. நாற்காலி நகர்கிற சத்தம் மட்டும் கேட்டது. அப்புறம் மெதுவாக, கோழி முட்டையை வைப்பதுபோல வைத்தார்:

"லாவுட்... மலேசியா, துவான்."

அதிகாரி பேனாவைக் கீழே போட்ட சத்தம் கேட்டது. திடீரென்று மேசையைத் தட்டிச் சிரித்தார். அடுத்த அறை ஆளைக் கூப்பிட்டார். "இங்க வா, வந்து கேளு! இந்தத் தவுக்கே லாவுட் மலேசியான்னு சொல்றார்! பாத்தியா, என்னா நாட்டுப்பற்று! புத்தகத்துல இருக்கோ இல்லையோ, மனசுல இருக்கு!"

என் வீட்டுக்காரர் எழுந்து கதவை நோக்கிப் பாய்ந்தார். "துவான், அது என்னோடது!"

சட்டையைப் பிடித்து இழுத்து உட்காரவைத்தேன். பொத்தான் ஒன்று தெறித்து எங்கேயோ உருண்டது. நல்லவேளை, உள்ளே சிரிப்புச் சத்தத்தில் யாருக்கும் கேட்கவில்லை.

சில மாதம் கழித்து இரண்டு பேருக்கும் நீலம் வந்தது. எங்களுக்கு வீடும் வந்தது. சின்ன வீடு, சிமெண்டுத் தரை, மழை பெய்தால் மழை வெளியே பெய்யும். நான் அந்தத் தரையில் கால் நீட்டி உட்கார்ந்து ஒரு மூச்சு அழுதேன். இவர் அழவும் இல்லை, சிரிக்கவும் இல்லை. தவுக்கே கடைப் பக்கமே போகாமல், அரிசி வாங்க பசார்வரை சைக்கிள் மிதித்தார். "சரியான பதிலுக்கு ஒரு 'சரி'. தப்பான பதிலுக்கு மேசையைத் தட்டிச் சிரிப்பு. நான் சொன்னப்ப பொது அறிவு பத்தலை, அவன் சொன்னா நாட்டுப்பற்றா?" என்று ஆறு மாதம் இதே பாட்டு. நியாயமான கேள்விதான். பதில் எனக்குத் தெரியாது. தெரிந்தவர்கள் யாரும் நாங்கள் இருந்த பக்கம் வருவதில்லை.

ஒரு நாள் தவுக்கேயே வீடு தேடி வந்தார், கையில் பால் டின்னோடு. இவர் நாற்காலியைக்கூட நகர்த்திப் போடவில்லை. தவுக்கே வாசலிலேயே நின்றார்.

"அண்ணே, கடலை நீயே வெச்சுக்கோலா. கடைக்கு மட்டும் வா."

"அதை அந்த ஆபீசர்கிட்ட போய்ச் சொல்லு" என்றார் இவர்.