அண்ணனுக்குக் கொடுத்த பால்

எங்கள் வீட்டுத் தரை பலகையால் ஆனது. லாங் மவுண்டன் கிராமத்தில் நாங்கள் இருந்த பக்கத்தில் அப்போது வேறு எந்தத் தமிழர் வீட்டிலும் பலகைத் தரை கிடையாது. மற்றவர்கள் மண் தரையைச் சாணம் போட்டு மெழுகினார்கள். அம்மா எங்கள் தரையை மண்டியிட்டுத் தேங்காய் மட்டையால் தேய்த்தாள். தகரக் கூரை, கல்தூண்கள் மேல் நிற்கும் மரச்சுவர், முன்னால் நான்கு படி, படி ஏறினால் சின்ன வராந்தா. பள்ளிக்கூடத்தில் வீட்டைப் பற்றிப் பிரெஞ்சில் கட்டுரை எழுதச் சொன்னால் எல்லோருக்கும் முன்னால் நான்தான் எழுதி முடிப்பேன். எங்கள் குடும்பத்தில் முதன்முதலில் எழுத்துத் தெரிந்தவள் நான். அந்த வீட்டில் வளர்ந்தவள் என்பதும் படித்தவள் என்பதும் எனக்கு ஒரே பெருமையாகத்தான் இருந்தன.

பெரிய போர் முடிந்து சர்க்கரை விலை ஏறிய காலத்தில் அப்பா அந்த வீட்டைக் கட்டினார். அப்போது எனக்கு ஏழு வயது இருக்கும். இரண்டு ஏக்கர் கரும்பு வைத்திருந்தவர்கள்கூடப் பட்டணம் போய் மேல்சட்டை தைத்துக்கொண்டு வந்த காலம் அது. பலகை விலையும் ஆணி விலையும் சர்க்கரையோடு சேர்ந்து ஏறியிருந்தன என்பதை யாரும் யோசிக்கவில்லை. அப்பாவின் கையிருப்பு கல்தூண்களோடு தீர்ந்துவிட்டது. மேலே எழுப்ப ஆயிரம் ரூபாய் கடன் வாங்கினார். கொடுத்தவர் என் பெரியப்பா.

அவர் ரத்த உறவு இல்லை. அவருடைய அப்பாவும் என் அப்பாவின் அப்பாவும் ஒரே கப்பலில் இந்தத் தீவுக்கு வந்து, ஒரே தோட்டத்தில் கூலிக்கு விடப்பட்டவர்கள். ஒரே கப்பலில் வந்தவர்கள் எங்களுக்கு உடன்பிறந்தவர்கள். அந்த இரண்டு வீட்டுக்குள் பெண் கொடுக்க மாட்டார்கள், எடுக்க மாட்டார்கள். சாவு விழுந்தால் இரண்டு வீட்டுக்கும் தீட்டு. பெரியப்பா தோட்டத்தில் கூலிகளை மேய்க்கும் சர்தாராக இருந்து, பிறகு சொந்த நிலமும் மாட்டு வண்டிகளும் சேர்த்தவர். எங்களைப் போன்றவர்களின் கரும்பை வாங்கி ஆலைக்கு அனுப்பினார். ஆலை கொடுக்கும் பணம் அவர் கை வழியாகத்தான் எங்களுக்கு வரும்.

"சட்டத்துக்கு ஒரு காகிதம் வேணும் தம்பி. நமக்குள்ள என்ன இருக்கு?" என்று சொல்லி அப்பாவைத் தலைநகரான போர்ட் லூயிஸுக்கு அழைத்துப் போனார். பத்திரம் பதியும் நோத்தேர் பிரெஞ்சில் எழுதியதில் அப்பா விரல் ரேகை வைத்தார். நூற்றுக்குப் பத்து வட்டி. வட்டி வருடாவருடம்; அசலைப் பத்து வருடத்தில் கட்ட வேண்டும். நிலமும் அதன்மேல் நிற்கும் வீடும் ஈடு.

வட்டியைப் பெரியப்பா வெட்டு முடிந்ததும் கரும்புப் பணத்திலேயே பிடித்துக்கொள்வார். அதோடு முடிந்திருந்தால் அது வெறும் கடன். ஆனால் தினமும் காலையில் ஒரு செம்புப் பால் அவர் வீட்டுக்குப் போயிற்று. அம்மா கறப்பாள். பள்ளிக்கூடம் போகும் வழியில் நான் கொண்டுபோய்க் கொடுப்பேன். ஞாயிற்றுக்கிழமைகளில் அப்பா அவர் வண்டிச் சக்கரங்களைப் பழுது பார்த்தார். அவருடைய வயலுக்குக் களை எடுக்கப் போனார். யாரும் கேட்டு வாங்கியதில்லை. தம்பி அண்ணன் வீட்டுக்குச் செய்வது முறை. அண்ணன் வீட்டிலிருந்தும் எங்களுக்கு வந்தது. தீபாவளிக்கு எனக்குப் பாவாடைத் துணி, பொங்கலுக்கு ஒரு மூட்டை அரிசி.

எனக்குப் பன்னிரண்டு வயதில் பள்ளிக்கூடத்தில் வட்டிக் கணக்கு வந்தது. சாப்பிடும்போது அப்பாவிடம் கேட்டேன்.

"அப்பா, பத்து வருஷம் நூறு நூறா கொடுத்தா ஆயிரம் ஆயிடும். அதுக்கப்புறமும் ஆயிரம் அப்படியே நிக்குமே. ஒரு வீட்டுக்கு ரெண்டு வீட்டு விலை கொடுக்கிறோம்."

"ம்."

"பாலுக்கும் விலை போட்டா இன்னும் எவ்வளவோ ஆகும். பெரியப்பா அதை அசல்ல கழிக்கிறாரா?"

அப்பா சிரித்தார். "அண்ணனுக்குக் கொடுக்கிற பாலுக்குக் கணக்கா?"

"இவ மாட்டைப் பார்த்தாலும் ரூபாயைத்தான் பாக்கிறா. நல்ல வேளை, மாட்டுக்குப் படிக்கத் தெரியாது," என்றாள் அம்மா. அப்பாவுக்குப் புரையேறிவிட்டது. நான் கோபித்துக்கொண்டு பாதிச் சோற்றில் எழுந்துவிட்டேன்.

அப்பாவின் மனதில் இருந்தது எனக்குப் பின்னால்தான் புரிந்தது. வட்டி காகிதத்துக்கு; மற்றதெல்லாம் உறவுக்கு. ஒரு நாள் அந்த உறவே காகிதத்தைக் கிழித்துப் போடும் என்று நம்பினார். அப்படி நம்ப அவருக்குக் காரணமும் இருந்தது. ஒரு தைப்பூசத்தன்று அப்பா காவடி இறக்கி வைத்ததும் பெரியப்பா அவர் தோளைப் பிடித்து, கோயில் வாசலில் எல்லோர் முன்னிலையிலும், "தம்பி, உன் கணக்கு என் நெஞ்சுல இருக்கு" என்றார். அதற்கு மேல் ரசீது கேட்கிற தம்பி எங்கள் ஜனங்களில் கிடையாது. கேட்டால் அது அண்ணனைத் திருடன் என்று சொல்வதற்குச் சமம்.

பிறகு சர்க்கரை விலை விழுந்தது. வருடத்துக்கு வருடம் விழுந்தது. கரும்பு அதே கரும்பு, வெட்டும் கை அதே கை. வட்டி மட்டும் நூறு ரூபாயாகவே நின்றது. முன்பு அந்த நூறு ரூபாய்க்குப் போன கரும்பைப் போல இரண்டு மடங்கு இப்போது போயிற்று. அப்பா வீட்டுக்குப் பின்னால் இருந்த காய்கறிப் பாத்தியைக் கொத்தி அதிலும் கரும்பு நட்டார். கத்தரிக்காயும் கீரையும் விற்றுக்கொண்டிருந்த அம்மா அவற்றைக் கடையில் வாங்க ஆரம்பித்தாள். வாங்கக் காசு வேண்டுமே. பெரிய தோட்டத்துக்குக் களை எடுக்கக் கூலிக்குப் போனாள். பலகைத் தரையைத் தேய்ப்பது ஞாயிற்றுக்கிழமைக்குப் போயிற்று, பிறகு பண்டிகைக்கு. பள்ளிக்கூடத்து வட்டிக் கணக்கில் இப்படி ஒரு வரி கிடையாது. எங்கள் வீட்டில்தான் அதைப் பார்த்தேன்.

பத்தாவது வருடம் பெரியப்பா இறந்துபோனார். கரும்பு வயலில் நின்றபடியே சாய்ந்தார் என்றார்கள். அப்பா உடன்பிறந்த தம்பியைப் போலவே தலையும் மீசையும் மழித்துக்கொண்டு, பிள்ளைகளுக்கு அடுத்தபடியாக வாய்க்கரிசி போட்டார். அவ்வளவு அழுகையை நான் அவரிடம் அதற்கு முன்பும் பார்த்ததில்லை, பின்பும் பார்த்ததில்லை.

கருமாதி முடிந்து சில வாரங்களில் பெரியப்பாவின் மூத்த மகன் வந்தார். நான் அவரை அண்ணன் என்று கூப்பிடுவேன். வராந்தாவில் உட்காராமல் படியிலேயே நின்றார்.

"சித்தப்பா, தங்கச்சிங்க மாப்பிள்ளைங்க பங்கு கேக்கிறாங்க. நோத்தேர் எல்லாக் காகிதத்தையும் எடுத்திருக்கார். ஒரு தடவை வரணும். பாப்பாவையும் கூட்டிட்டு வாங்க, அவளுக்குத்தான் படிக்கத் தெரியுமே."

நான் என்னிடம் இருந்த ஒரே வெள்ளைச் சேலையைக் கட்டிக்கொண்டு அப்பாவோடு போனேன். அண்ணன் எங்களுக்கு முன்பே அங்கே வந்திருந்தார். நோத்தேர் வெள்ளைக்காரக் கிழவர். காது மந்தம், ஆனால் மரியாதையானவர். பத்திரத்தை என்னிடமே கொடுத்தார். நான் சத்தமாக வாசித்து, ஒவ்வொரு வரிக்கும் அப்பாவுக்குப் பொருள் சொன்னேன். ஒரு தமிழ்ப் பெண் தடுமாறாமல் பிரெஞ்சு வாசிப்பதைப் பார்த்து அவருடைய குமாஸ்தா பேனாவை வைத்துவிட்டான். எனக்கு அது பிடித்திருந்தது. நான் வாசித்துக்கொண்டிருந்தது எங்கள் வீடு போகப்போகிற சேதி என்பது கடைசி வரியில்தான் நெஞ்சில் இறங்கிற்று. வட்டி பாக்கியில்லை. அசல், ஆயிரம் ரூபாய், முழுதாக நிற்கிறது. தவணை முடிந்துவிட்டது.

நான் விடவில்லை. பத்து வருடப் பாலைச் சொன்னேன். ஞாயிற்றுக்கிழமைகளைச் சொன்னேன். சக்கரங்களைச் சொன்னேன். நோத்தேர் காதில் கையை வைத்துக் கேட்டுவிட்டு, பத்திரத்தில் பால் என்று எதுவும் இல்லையே மத்மசேல் என்றார்.

அண்ணன் கெட்டவர் இல்லை. அதை இங்கே சொல்லியே ஆக வேண்டும். அவர் என் அப்பா பக்கம் நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டார்.

"சித்தப்பா, நான் ஒரு வழி சொல்றேன். அப்பாகிட்ட பட்ட கடனுக்காகத்தான் வேலை செஞ்சேன், கடனுக்காகத்தான் பால் ஊத்தினேன்னு நீங்க உங்க வாயால சொல்லுங்க. இவர் எழுதிக்கட்டும். நீங்க ரேகை வைங்க. அதை மாப்பிள்ளைங்க முன்னால போட்டு, பாதிக்குப் பாதி நான் கழிச்சு விடறேன். மீதிக்கு இன்னும் அஞ்சு வருஷம் வாங்கித் தர்றேன். வீடு நிக்கும்."

"பாதியா?" என்றேன்.

"பாதிக்கு மேலயே இருக்கும் பாப்பா. நானும்தானே அந்தப் பாலைக் குடிச்சேன்."

அப்பா தண்ணீர் கேட்டார். குமாஸ்தா கொண்டுவந்து கொடுத்தான். குடித்துவிட்டுக் கண்ணாடிக் குவளையை மேசையில் எங்கே வைப்பது என்று தெரியாமல் கையிலேயே வைத்துக்கொண்டிருந்தார். மழித்த தலையில் முடி அப்போதுதான் முள் முள்ளாக வந்துகொண்டிருந்தது.

"சொல்லுங்கப்பா," என்றேன்.

"அது அண்ணனுக்குக் கொடுத்தது," என்றார்.

"அப்பா!"

"கடனுக்கு இல்லை. கடனுக்குன்னா நான் அவருக்குக் கூலிக்காரன். நான் கூலிக்காரனா அந்த வீட்டுக்குப் போகலை." என்னைப் பார்த்தார். "அவர்கிட்ட சொல்லு."

நோத்தேர் காத்திருந்தார். நான் சொன்னேன். என் தகப்பனார் அதைத் தம் தமையனுக்குக் கொடுத்தார், அது கடனுக்காக அல்ல, என்று. அவ்வளவு பிழையில்லாமல் நான் பிரெஞ்சு பேசியதே இல்லை. அண்ணன் தலை குனிந்துகொண்டார். குமாஸ்தா மறுபடி பேனாவை எடுத்தான்.

நடந்தே ஊர் திரும்பினோம். அம்மா படியில் உட்கார்ந்திருந்தாள். நடந்ததை நான்தான் சொன்னேன். அப்பா சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டிக்கொண்டிருந்தார். அம்மா எழுந்திருக்கவில்லை, சத்தம் போடவுமில்லை.

"புல் அறுத்தது நான்," என்றாள். "கறந்தது நான். கன்னுக்குட்டிக்கு இல்லாம ஒட்டக் கறந்தது நான். அது அண்ணனுக்குக் கொடுத்த பாலுன்னு சொன்னீங்களே, என்னை ஒரு வார்த்தை கேட்டீங்களா? உங்களுக்கு அண்ணன். எனக்கு அவர் யாரு?"

அதுவரை அந்தப் பாலை நானும் அப்பாவுடையது என்றே கணக்குப் போட்டிருந்தேன்.

நிலம் போனால் பிழைப்பு போகும், அதனால் வீட்டை விற்றோம். எங்கள் ஊரில் மர வீட்டை மண்ணைவிட்டுப் பிரித்து விற்க முடியும். பாம்ப்ளமூஸில் கடை வைத்திருந்த ஒருவர் பலகைக்கும் தகரத்துக்குமாக விலை பேசினார். ஏறிய காலத்தில் வாங்கிய பலகை, இறங்கிய காலத்து விலைக்குப் போயிற்று. ஆயிரத்துக்குத் துண்டு விழுந்ததற்குப் பசுவையும் கன்றையும் விற்றோம். ஆயிரம் ரூபாய் சேர்ந்தது. நோத்தேர் பத்திரத்தை ரத்து செய்து கொடுத்தார்.

பிரிக்க வந்தவர்கள் அவசரக்காரர்கள். கடப்பாரையால் நெம்பி இரண்டு பலகையைப் பிளந்துவிட்டார்கள். அப்பா போய் அவர்கள் கையிலிருந்து கடப்பாரையை வாங்கிக்கொண்டு, எந்த ஆணியை எந்தப் பக்கமிருந்து எடுக்க வேண்டும் என்று காட்டினார். சாயங்காலம் வரை அவரேதான் பிரித்தார். தரைப் பலகைகள் கடைசி வண்டியில் போயின. மேல் பக்கம் தேய்ந்து வழவழவென்று இருந்தது. அடிப்பக்கம் புதிதாக, மரக்கடை முத்திரை அழியாமல் இருந்தது. கல்தூண்கள் மட்டும் வரிசையாக நின்றன. நாங்கள் மாட்டுக்கொட்டகையைக் கழுவி, சுற்றிலும் கரும்புச் சோகை கட்டி, அதற்குள் போனோம். இன்னும் அதில்தான் இருக்கிறோம். நான் இப்போது ஊர்ப் பள்ளிக்கூடத்தில் சின்னப் பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுக்கிறேன். வெள்ளைச் சேலையில் சோகைத் தூசு ஒட்டாமல் வெளியே வர ஒரு மாதிரி குனிந்து நடக்கப் பழகிவிட்டேன்.

போன மாதம் அண்ணன் வந்தார். அவர் மகளுக்குக் கல்யாணம். தட்டில் வெற்றிலை, பாக்கு, மஞ்சள், தேங்காய் வைத்து, முறைப்படி அழைத்தார். கொட்டகைக்குள் குனிந்துதான் வர வேண்டியிருந்தது. "அப்பா இடத்துல நின்னு நீங்கதான் தாலியைத் தொட்டுக் கொடுக்கணும் சித்தப்பா," என்றார். அப்பா எழுந்து, தட்டை இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டார்.

அண்ணன் போனதும் அம்மா, "நான் வரலை," என்றாள். அடுப்புப் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

கல்யாணத்தன்று காலையில் அப்பா குளித்து, விபூதி பூசி, ஒரே ஒரு நல்ல வேட்டியை உதறிக் கட்டினார். நான் வாசலில் நின்றிருந்தேன்.

"எந்த முகத்தோட போறீங்கப்பா?" என்றேன். "அவங்ககிட்டதானே எல்லாம் போச்சு."

வேட்டி முனையைச் செருகிக்கொண்டே என்னைப் பார்த்தார். கோபம் இல்லை. ஒரு கணக்கை எனக்கு விளங்க வைக்க முடியுமா என்று யோசிப்பவர் போல இருந்தார்.

"இன்னைக்கு நான் போகலேன்னா, அண்ணனுக்குக் கொடுத்ததெல்லாம் வெறும் பால் காசுன்னு ஆயிடும்மா."

குனிந்து வெளியே வந்து, கல்தூண்களுக்கு நடுவே புகுந்து சாலையில் இறங்கினார். அம்மா கூப்பிடுவாள் என்று நினைத்தேன். அவள் கூப்பிடவில்லை. நானும் அவரோடு போகவில்லை. கரும்பு வயல் திரும்பும் இடம் வரை அவர் நிமிர்ந்துதான் நடந்தார். அதற்கப்பால் எப்படி நடந்தார் என்று எனக்குத் தெரியாது.