அம்மா போட்ட கட்டு

இந்தோனேசியாவோடு மோதல் என்று ரேடியோ ஓயாமல் சொல்லிக்கொண்டிருந்த காலம். பிரிக்ஃபீல்ட்ஸ் ரயில்வே குவார்ட்டர்ஸில் எல்லா வீடுகளும் போருக்குத் தயாராயின. அப்பா சார்டின் டின்களை வாங்கிக் கட்டிலுக்கடியில் அடுக்கினார். போர் வருவதற்குள் பாதியை நாங்களே தின்று தீர்த்தோம். கோயிலுக்குக்கூடத் தனியாகப் போகாத அம்மா முதலுதவி வகுப்பில் போய்ச் சேர்ந்ததுதான் யாருக்கும் புரியவில்லை. அப்பாவின் பழைய வேட்டிகள் கட்டுத்துணிகளாயின. நோயாளி எப்போதும் நான்தான்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை குவார்ட்டர்ஸ் திடலில் ஒத்திகை நடந்தது. சங்கு ஊதினால் குண்டு விழுந்ததாகக் கணக்கு. தொடையில் சிவப்பு மை பூசி என்னைக் கோல் கம்பத்தருகே படுக்கவைத்திருந்தார்கள். சங்கு ஊதியதும் மற்றப் பெண்கள் வெட்கமும் சிரிப்புமாக நடந்து வந்தார்கள். அம்மா ஓடி வந்தாள். சேலை தடுக்கியும் நிற்கவில்லை. துணியை இறுக்கிக் கட்டி, அதன்மேல் இரண்டு கைகளையும் வைத்து அழுத்தினாள்.

விசில் ஊதி ஒத்திகை முடிந்தது. வகுப்பு நடத்தியவர், ஆஸ்பத்திரியில் காயங்களுக்குக் கட்டுப்போடும் டிரெசர், குனிந்து பார்த்தார். "நல்லா கட்டியிருக்கீங்க. போதும்லா அக்கா, கைய எடுங்க."

"ஆம்புலன்ஸ் வரட்டும்."

"ஒத்திகைதானே அக்கா. ஆம்புலன்ஸ் ரோட்டோரம் சும்மா நிக்குது. உள்ள வராது."

"அப்ப நானே கொண்டு போறேன்."

என்னைக் கைகளில் ஏந்திக்கொண்டு திடலைக் கடந்து நடந்தாள். முதலில் சிலர் சிரித்தார்கள்.  டிரெசர் கைதட்ட ஆரம்பித்ததும் திடல் முழுக்கத் தட்டியது. காயம்பட்டவள் என்பதையே மறந்து, என் வகுப்புப் பிள்ளைகளைப் பார்த்துக் கையசைத்தேன். வீட்டுக்குப் போகும் வழியில் எதிர்ப்பட்டவர்களிடமெல்லாம், "எங்கம்மாதான் ஃபர்ஸ்ட்" என்றேன். அது போட்டியே இல்லை என்று அம்மா திருத்தவில்லை.

நல்லவேளையாக, அந்தச் சண்டை எங்கள் வாசல்வரை வரவில்லை.

ஜப்பான்காரன் காலத்துக் கடைசியில் குவார்ட்டர்ஸை ஒட்டிய இதே தண்டவாளங்கள்மேல் குண்டு விழுந்ததையும், என் வயதிலிருந்த அம்மா தன் தம்பியின் தொடைக் காயத்தை வெறுங்கையால் பொத்திக்கொண்டு உட்கார்ந்திருந்ததையும், உதவிக்கு யாருமே வராததையும் பெரியம்மா சொல்லித்தான் பின்னாளில் தெரிந்துகொண்டேன். அன்று திடலில், என் காதோரம் அவள் நெஞ்சு படபடவென்று அடித்துக்கொண்டது. நான் அவ்வளவு கனம்போல என்று நினைத்துக்கொண்டேன்.