மகளின் ஊரை நான் அழித்த நாள்

சென்ற வருடம், போயா என்கிற பௌர்ணமி விடுமுறை நாள் ஒன்றில், கொழும்பு வெள்ளவத்தையில் நாங்கள் வாடகைக்கு இருக்கும் மூன்றாம் மாடி வீட்டில் நடந்தது இது. நான் கட்டாரிலிருந்து ஒரேயடியாகத் திரும்பி வந்து ஐந்து மாதம்தான் ஆகியிருந்தது. எட்டு வருடம் அங்கே ஒரு கம்பனியின் ஸ்டோரில் வேலை. ஏசி மெஷின்களுக்கான உதிரிப்பாகங்களைத் தேடி எடுத்துக் கொடுப்பது. போகும்போது மகளுக்கு மூன்று வயது. திரும்பி வரும்போது பதினொன்று.

அந்த எட்டு வருடமும் மனைவியும் மகளும் கொட்டாஞ்சேனையில் எங்கள் குடும்ப வீட்டில் இருந்தார்கள். அதே வீட்டில் என் தம்பியும் இருந்தான். துறைமுகத்தில் கிளார்க் வேலை, கல்யாணம் ஆகவில்லை. மகளைப் பள்ளிக்கூடத்தில் விடுவது, காய்ச்சல் என்றால் மருந்துக்கு ஓடுவது, ஞாயிறு பூசைக்குக் கூட்டிப்போவது எல்லாம் அவன்தான். நல்ல தம்பி என்றுதான் நீங்கள் சொல்வீர்கள். கட்டாரில் இருந்தவரைக்கும் நானும் அப்படித்தான் சொல்லிக்கொண்டிருந்தேன். வந்து கண்ணால் பார்த்த பிறகுதான் வயிறு எரியத் தொடங்கியது.

எதற்கெடுத்தாலும் சித்தப்பா. சப்பாத்து எந்த அளவு என்றால் சித்தப்பாவுக்குத் தெரியும். கணக்குப் பாடம் விளங்கவில்லையென்றால் சித்தப்பாவுக்கு போன் கோல். ஒருநாள் நான் ஆசையாகப் பெரிய இறால் வாங்கி வந்து, மனைவியைச் சமைக்கச் சொல்லி, நானே மகளின் தட்டில் போட்டேன். "அப்பா, எனக்கு இறால் ஒத்துக்கொள்ளாது. சித்தப்பா சொல்லேல்லையா?" என்றாள். என் பிள்ளைக்கு என்ன ஒத்துக்கொள்ளாது என்பதை நான் அவனிடம் கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டுமாம்!

வெள்ளவத்தைக்கு வீடு மாறியதற்கு, புது வேலைக்குக் கிட்ட என்று எல்லோருக்கும் ஒரு காரணம் சொன்னேன். உண்மைக் காரணத்தை இப்போதுதான் முதல் தடவையாக எழுதுகிறேன். மகளைத் தம்பியிடமிருந்து கொஞ்சம் தள்ளி வைக்க வேண்டும் என்பதுதான் அது. ஆனால் அவன் விட்டால்தானே! சனிக்கிழமை தவறாமல் இரண்டு பஸ் மாறி வந்துவிடுவான். கையில் கொட்டாஞ்சேனை பேக்கரி மாலு பாண் ஒரு பை. அந்த மீன் பணிஸின் வாசம் படியேறி வரும்போதே மகள் கதவைத் திறந்துவிடுவாள். நான் வேலை முடிந்து வந்து மணியடித்தால், "அம்மா, ஆரோ வந்திருக்கினம்" என்று உள்ளேயிருந்து குரல் மட்டும்தான் வரும்.

சனிக்கிழமைகளில் அவர்களுக்கு ஒரு வேலை இருந்தது. மகளுக்கு ஏழு வயதாக இருந்தபோது நான் கட்டாரிலிருந்து ஒரு கேம் கொன்சோல் அனுப்பியிருந்தேன். அதைத் தம்பி யாரிடமோ கொடுத்து ஜெயில்பிரேக் செய்து வைத்திருந்தான். அப்படிச் செய்தால் டிஸ்க் வாங்கத் தேவையில்லை, பென் டிரைவில் கொண்டுவந்தே கேம் போடலாம். ஆனால் இன்டர்நெட்டோடு மட்டும் இணைக்கக்கூடாது. இணைத்தால் கம்பனிக்காரனின் பூட்டு திரும்ப விழுந்துவிடும். அதனால் கேமுக்கு ஒரு அப்டேட் வந்தால் அதையும் எங்கிருந்தாவது எடுத்துவந்து கையால்தான் போட வேண்டும். தம்பி தரையில் சப்பாணி கட்டி உட்கார்ந்து போடுவான். மகள் அவன் தோளில் நாடியை வைத்துக்கொண்டு, திரையில் அந்தக் கோடு நிரம்புவதைப் பார்த்துக்கொண்டிருப்பாள். நான் பல்கனியில் பேப்பரின் ஒரே பக்கத்தை ஒரு மணித்தியாலமாக வாசித்துக்கொண்டிருப்பேன்.

வந்த புதிதில் மகள் ஒருமுறை என்னைக் கூப்பிட்டது உண்மை. "அப்பா, வாங்க, எங்கட ஊரைக் காட்டுறன்" என்றாள். "சித்தப்பாவோடயே விளையாடு" என்றேன். அதற்குப் பிறகு அவள் கூப்பிடவில்லை. அதையும் தம்பியின் கணக்கில்தான் எழுதினேன்.

அவள் விளையாடுவது ஒரு கிராமம் கட்டும் கேம். வீடு கட்டலாம், தோட்டம் செய்யலாம், மாடு வளர்க்கலாம். நாலு வருடமாக அதே ஊரைத்தான் கட்டிக்கொண்டிருந்தாள். புதிதாக வந்த அப்டேட்டில் ஊருக்குத் துறைமுகம் வைக்கலாமாம், கப்பல் வருமாம். வகுப்பிலே ஒரு பிள்ளையின் ஊரில் ஏற்கனவே கப்பல் வந்துவிட்டதாம். துறைமுகத்துக்குப் பக்கத்தில் பிறந்து வளர்ந்த தனக்கு, தன் ஊரில் கப்பல் இல்லையே என்று அவளுக்கு ஒரே கவலை.

"சனிக்கிழமை சித்தப்பா வந்து போட்டுத் தருவார்" என்றாள்.

"ஏன், நான் இல்லையா? நான் போட்டுத் தாறன்."

"உங்களுக்குத் தெரியாது அப்பா."

கேலியாகச் சொல்லவில்லை. கோபமாகவும் சொல்லவில்லை. மழை பெய்கிறது என்று சொல்வதுபோலச் சொல்லிவிட்டு அறைக்குள் போய்விட்டாள். அதுதான் எனக்குத் தாங்கவில்லை. மனைவி என் முகத்தைப் பார்த்துவிட்டு, "சனிக்கிழமை மட்டும் பொறுத்தா என்ன?" என்றாள். எனக்கு ஏதோ விளங்காதது மாதிரி நின்றேன்.

அடுத்த நாள் வேலை முடிந்து, எங்கள் பக்கத்துப் பெரிய தெருவான காலி வீதியில் கேம் கொப்பி பண்ணிக் கொடுக்கும் கடை ஒன்றுக்குப் பென் டிரைவோடு போனேன். கடைக்காரருக்கு என் வயதுதான் இருக்கும். கேமின் பெயரைச் சொன்னதும், "எந்த ரீஜன் அய்யே?" என்று என்னைச் சிங்களத்தில் அண்ணாவாக்கிக் கேட்டார். ஒரே கேமை ஒவ்வொரு நாட்டுப் பக்கத்துக்கும் வேறு வேறாக விடுவார்களாம். எந்த நாட்டுக் கேமோ அந்த நாட்டு அப்டேட்தான் வேலை செய்யுமாம். எங்கள் கேம் எந்த நாட்டுக்கானது என்று எனக்குத் தெரியாது. தெரியாது என்று சொல்ல வாய் வரவில்லை. தம்பிக்கு ஒரு கோல் எடுத்திருந்தால் அரை நிமிட வேலை. அது அதைவிட முடியாத காரியம்.

"எல்லாம் ஒண்டுதானே. இருக்கிறதில புதுசைப் போட்டுத் தாங்க" என்றேன் பெரிய மனுஷன் தோரணையில். அவர் ஒருமுறை என்னைப் பார்த்துவிட்டுப் போட்டுத் தந்தார்.

வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன். எட்டு வருடம் நான் பார்த்த வேலையே இதுதான். ஒரே மெஷினுக்கு நம்பரில் ஒரு எழுத்து வித்தியாசமான பாகத்தைக் கொண்டுபோய்ப் பூட்டிவிட்டு வந்து நிற்பவர்களை, "நம்பரைப் பார்த்து எடுக்கத் தெரியாதா?" என்று எத்தனை தடவை ஏசியிருப்பேன்!

போயா அன்று காலை மனைவியும் மகளும் பள்ளிக்கூட உடுப்புத் தைக்கக் கொடுக்கப் போனார்கள். அவர்கள் படியிறங்கியதும் நான் தரையில் உட்கார்ந்தேன். கொன்சோலுக்குக் கீழே தம்பியின் கையெழுத்தில் ஒரு அப்பியாசக் கொப்பி இருந்தது. எப்படி அப்டேட் போடுவது என்று மட்டையில் தலைப்பு எழுதி வைத்திருந்தான். அதைத் திறந்தும் பார்க்காமல் அலுமாரிக்குள் தூக்கிப் போட்டேன். அவன் எழுதினதைப் பார்த்துச் செய்தால் அது அவன் செய்ததாகிவிடுமே!

கோடு நிரம்பியது. முடிந்தது என்று வந்தது. இவ்வளவுதானா, இதற்கா இவன் சனிக்கிழமைதோறும் இந்த ஆட்டம் ஆடினான் என்று எனக்குள்ளேயே சிரித்துக்கொண்டேன். பிறகு கேமைத் திறந்தேன். திரை கறுத்தது. கறுத்தபடியே இருந்தது. திரும்பத் திறந்தேன், மூடினேன், திறந்தேன். கறுப்பு. சரி, கேமை அழித்துவிட்டுப் புதிதாகப் போடுவோம் என்று அழிக்கப் போனேன். அதோடு சேர்ந்த எல்லாவற்றையும் அழிக்கவா என்று அது கேட்டது. ஸ்டோரில் பழுதான சரக்கைக் கழிக்கிற பழக்கம் கையில் இருந்தது. ஓம் என்று பட்டனை அமர்த்திவிட்டேன்.

அமர்த்திய பிறகுதான் அந்த 'எல்லாம்' என்பதில் என்ன இருந்தது என்று மண்டையில் உறைத்தது. மகளின் ஊர். நாலு வருடம் கட்டிய ஊர். அலுமாரியைத் திறந்து கொப்பியை எடுத்தேன். முதல் பக்கத்தில், முதல் வரியாக, சிவப்பு மையில் எழுதியிருந்தான்: "எதையும் தொட முதல் ஊரைக் கொப்பி எடுத்து வைக்கோணும்." இரண்டாவது வரியில் அந்தக் கேமின் ரீஜன் எழுத்தும் இருந்தது.

அவனைக் கூப்பிடுவதைத் தவிர வேறு வழியில்லை. கோல் எடுக்க முதல் அறைக்குள் நாலைந்து தடவை நடந்தேன். என் வாழ்க்கையில் அந்த நம்பரை அழுத்தியதைப் போலக் கஷ்டமான வேலை இன்னொன்று இல்லை.

"டேய், மகள்ர ஊரை அழிச்சிட்டன்டா" என்றேன்.

"ஒண்டையும் தொடாதீங்க அண்ணா. நான் வாறன்" என்றான். ஏன், எப்படி என்று ஒரு கேள்வி இல்லை.

அன்றைக்கு அவன் பஸ்ஸுக்கு நிற்கவில்லை. ஓட்டோ பிடித்து வந்து, மூன்று மாடியும் ஏறி, மூச்சு வாங்க நின்றான். அன்றைக்கு மாலு பாண் இல்லை. அவன் சாவிக்கொத்தில் ஒரு சின்னப் பென் டிரைவ் தொங்கியது. போன சனிக்கிழமை வரைக்குமான ஊர் அதில் இருந்தது. வாரா வாரம் கொப்பி எடுத்து, வீட்டுச் சாவியோடு சேர்த்துச் சட்டைப் பையில் கொண்டு திரிந்திருக்கிறான். நிம்மதியாக இருந்தது. அடுத்த கணமே, இதிலும் இவன்தானா என்று எரிந்தது. இரண்டும் ஒன்றாகத்தான் வந்தன.

அவன் கேமைத் திரும்பப் போட்டான். சனிக்கிழமைக்கென்று எடுத்து வைத்திருந்த சரியான அப்டேட்டைப் போட்டான். ஊரைத் திரும்ப வைத்துத் திறந்தான். எட்டிப் பார்க்கக்கூட மறுத்த அந்த ஊரை அன்றுதான் நான் முதல் தடவை பார்த்தேன்.

சின்னச் சின்ன ஒழுங்கைகள். ஒரு கோயில். வேலிக்குள் மாடுகள். நடுவில் இரண்டு வீடுகள் ஒட்டினாற்போல் இருந்தன. ஒரு வீட்டு வாசலில் மகளின் பெயர். மற்ற வீடு யாருடையது என்று எனக்குத் தெரியாதா? பல்லைக் கடித்துக்கொண்டு வாசித்தேன். ஆங்கில எழுத்தில் அப்பா என்று இருந்தது. வாசலில் தொப்பி போட்ட ஒரு மனுஷன் நின்றான். நான் கட்டாரில் வேலைக்குப் போட்ட அதே மஞ்சள் தொப்பி.

"இது ஆர்?" என்றேன்.

தம்பி என்னைப் பார்க்காமல் கேபிளைச் சுற்றிக்கொண்டிருந்தான். "நீங்கதான் அண்ணா. முதல் நாளே சொல்லிட்டா, அப்பா இல்லாட்டி ஊர் வேண்டாமாம். இதில ரெண்டு பேர்தான் விளையாடலாம். அதனால நான் உங்கட பேர்லதான் விளையாடினன்."

"அப்ப உன்ர வீடு எங்க?"

"எனக்கு இதில வீடில்லையே" என்றான், சிரித்துக்கொண்டு.

நாலு வருடம் வேலை முடிந்து வந்து, பின்னேரம் பின்னேரமாக, என் பெயரில் மாட்டுக்குத் தண்ணீர் வைத்திருக்கிறான். என் பெயரில் வேலி கட்டியிருக்கிறான். அவன் என் இடத்தைப் பிடித்துவிட்டான் என்று நான் வீடு மாறிக் கொண்டுவந்த பிள்ளையிடம், அவன் என் இடத்தில் வேறு யாரும் வராமல் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறான்.

படியில் சத்தம் கேட்டது. மகள் உள்ளே வந்தாள். சித்தப்பாவைப் பார்த்தாள், திரையைப் பார்த்தாள். தம்பி முந்திக்கொண்டு, "அப்பா உனக்குத் துறைமுகம் போட்டு வச்சிருக்கிறார்" என்றான். அப்படியே விட்டிருக்கலாம். அவன் சொன்ன பொய்யை நான் ஏற்றுக்கொண்டிருந்தால் நன்றாகவே இருந்திருக்கும். ஆனால் அவனிடமிருந்து இன்னொன்றையும் வாங்கிக்கொள்ள எனக்கு அன்றைக்கு மனம் வரவில்லை. நடந்ததை எல்லாம் மகளிடம் சொன்னேன். மன்னிப்பும் கேட்டேன்.

அவள் முகம் வெளுத்துவிட்டது. ஓடிப்போய் முதலில் மாடுகளை எண்ணினாள். எல்லாம் இருந்தன. பிறகுதான் மூச்சு விட்டாள். இரண்டாவது கொன்ட்ரோலரைத் தம்பியின் மடியிலிருந்து எடுத்து என்னிடம் நீட்டினாள்.

"இந்தாங்க, உங்கட ஆள். நீங்களே வச்சிருங்க."

வாங்கினேன். எந்த பட்டனும் தெரியாது. அந்த மஞ்சள் தொப்பிக்காரனை நேராகக் குளத்துக்குள் இறக்கினேன். "சித்தப்பா, அப்பாவுக்கு நடக்கவே தெரியேல்ல!" என்று மகள் விழுந்து விழுந்து சிரித்தாள். மனைவியும் சிரித்தாள். தம்பி, "இடது பக்கம் அண்ணா, இடது பக்கம்" என்று கத்திக்கொண்டிருந்தான். அன்றைக்கு அந்த ஊரில் என் கையால் நான் தொடங்கிய முதல் வேலை, எங்கள் இரண்டு வீட்டுக்கும் பக்கத்தில் சித்தப்பாவுக்கு ஒரு வீடு. கூரை கோணல்தான். மகள் திருத்த வேண்டாம் என்று சொல்லிவிட்டாள்.

தம்பி மேலிருந்த பொறாமை அன்றோடு ஒழிந்தது என்று எழுத ஆசைதான். ஆனால் அது பொய். சனிக்கிழமை மாலு பாண் வாசத்துக்குக் கதவு திறக்கும்போது இன்னும் கொஞ்சம் சுருக்கென்கிறது. ஆனால் இப்போது எனக்குப் பெரிய பொறாமை அந்த மஞ்சள் தொப்பிக்காரன் மேல்தான். நான் இல்லாத காலத்தில் என் பிள்ளை கூப்பிட்டபோதெல்லாம் பக்கத்தில் வந்து நின்ற அப்பா அவன்தான். அவனை எட்டிப்பிடிக்க எனக்கு இன்னும் எத்தனை பின்னேரம் வேண்டுமோ தெரியவில்லை.