சிலைகளுக்கெல்லாம் என் காது

மாவு காதில் விழும்போது சில்லென்றுதான் இருக்கும். சிற்பிகள் அச்செடுக்கப் பயன்படுத்தும் பிளாஸ்டரைத்தான் எங்கள் வீட்டில் "மாவு" என்போம். தேங்காய் எண்ணெயில் நனைத்த பஞ்சைக் காதுத் துளையில் அடைத்து, காதைச் சுற்றிக் களிமண்ணால் வரப்பு கட்டி, அதற்குள் அப்பா கரண்டி கரண்டியாக ஊற்ற ஊற்ற, வெளியே கத்தும் காக்கை, ஓடும் பம்புசெட், அம்மா யாரையோ கூப்பிடும் குரல் எல்லாம் ஒவ்வொன்றாக அடங்கி, கடைசியில் என் நெஞ்சு அடித்துக்கொள்வது மட்டும் தலைக்குள் கேட்கும். இன்னொரு காது தலையணையில் புதைந்திருக்கும். பிறகு மாவு இறுகும். இறுக இறுகச் சூடேறும். அரைமணி நேரம் பெஞ்சில் ஒருக்களித்துச் சுவரைப் பார்த்துக்கொண்டே கிடக்க வேண்டும். அசைந்தால் அச்சு கெட்டு, மறுபடி முதலிலிருந்து தொடங்க வேண்டும். பத்து வயதிலேயே எனக்குச் சிறை என்றால் என்னவென்று தெரியும் என்று சொன்னால் சிரிக்காதீர்கள்.

அப்பா சென்னையில் ஓவியமும் சிற்பமும் படித்தவர். படிப்பு முடிந்து, நண்பர்களோடு அறை எடுத்துத் தங்கி, கண்காட்சிகளில் ஒன்றிரண்டு படைப்புகளை வைத்துப் பேர் எடுக்கத் தொடங்கியிருந்த நேரத்தில் தாத்தா இறந்துபோனார். ஒரத்தநாட்டுக்குப் பக்கத்தில் இருந்த எங்கள் நிலத்தைப் பார்க்க வேறு ஆள் இல்லாததால், கருமாதிக்கு வந்தவர் அப்படியே நின்றுவிட்டார். துக்கம் தாங்காமல் தாத்தாவை மார்பளவுச் சிலையாகச் செய்து பம்புசெட் ஓரத்தில் வைத்தார். வைத்ததுதான் வினை. "பெரியவரு எந்திரிச்சி வந்துட்டாப்ல இருக்குங்க" என்று பார்த்தவர்கள் சொல்ல, அந்தப் பேச்சு ஊர் ஊராகப் பரவி, பிள்ளைகள் சிங்கப்பூரிலும் துபாயிலும் இருந்த வீடுகளிலிருந்தெல்லாம் செத்துப்போன அப்பனுக்கும் ஆத்தாளுக்கும் சிலை கேட்டு ஆட்கள் வரத் தொடங்கினார்கள்.

வந்தவர்கள் கையில் பெரும்பாலும் ரேஷன் கார்டுக்கு எடுத்த படம் ஒன்றுதான் இருக்கும். நேரே முறைத்துக்கொண்டிருக்கும் அந்தப் படத்தில் மூக்கு தெரியும், மீசை தெரியும். காதின் மடிப்பு மட்டும் சரியாகத் தெரியாது. கற்பனையாகக் காது செய்ய அப்பாவுக்கு மனம் ஒப்பாது. தன் காதைத் தானே அச்செடுக்க முடியாது. அம்மாவோ "எனக்கு வேற வேலயில்ல?" என்று ஒரே பேச்சில் முடித்துவிட்டார். மிச்சம் இருந்தது நான். அச்சை உடைத்துத்தான் உள்ளே வார்த்த காதை எடுப்பார் என்பதால் ஒவ்வொரு சிலைக்கும் நான் படுத்தாக வேண்டும். வயதானவர்களுக்காக மடலைக் கொஞ்சம் இழுத்து நீட்டிவிடுவார், அவ்வளவுதான். எங்கள் சுற்றுவட்டாரத்து வயல் மேடுகளில் மாலையும் சங்கிலியுமாக உட்கார்ந்திருக்கும் பெரியவர்கள் அத்தனை பேருக்கும் என் காது. "எங்கப்பா இப்புடி மொறைக்க மாட்டாருங்களே" என்று மூக்கையும் கண்ணையும் குறை சொன்னவர்கள் உண்டு. காதைக் குறை சொன்னவர் ஒருவரும் இல்லை. அதில் எனக்குக் கொஞ்சம் கர்வமும் உண்டு என்பதை மறைப்பானேன்.

அப்பா சிலை செய்யும் கொட்டகையின் மூலையில் இன்னொன்று இருந்தது. யாரும் கேட்காமல் அப்பா தனக்காகச் செய்துகொண்டிருந்த களிமண் உருவம்; நாற்று நடக் குனிந்திருக்கும் பெண், என்னைவிட உயரம், முகம் கிடையாது. முகம் வைக்காமல் எதற்கு இது என்று அம்மா கேட்டபோது, "குனிஞ்சி நடுறவங்க மொகத்த யாரு பாத்தா?" என்றார். சிலை வேலைகளுக்கு நடுவே கிடைக்கும் நேரத்தில் இரண்டு வருஷமாக அதைத் தொட்டுத் தொட்டு வைப்பார். களிமண் காயக்கூடாது என்று ஈரச் சாக்குப் போர்த்தி, மேலே பிளாஸ்டிக் தாள் சுற்றி வைத்திருப்பார்.

அந்தக் கோடையில் சென்னையிலிருந்து அப்பாவின் பழைய நண்பர் ஒருவர் வந்து அதைப் பார்த்தார். வெகுநேரம் சுற்றிச் சுற்றிப் பார்த்துவிட்டு, முடித்துக் கொடுத்தால் பெரிய கண்காட்சியில் வைக்கலாம், அதன்பின் நீ இங்கே கிடக்க வேண்டியதில்லை என்றார். நிலத்தைக் குத்தகைக்கு விட்டுவிட்டுக் குடும்பத்தோடு சென்னைக்குப் போகும் பேச்சு அன்றே தொடங்கியது. எங்கள் ஊர்க் கால்வாயான புது ஆற்றில் தண்ணீர் வரும்போது நான் இங்கே இருக்க மாட்டேன். இங்கேயாவது அச்சு எடுத்ததும் ஆற்றுக்கு ஓடலாம். அங்கே ஓர் அறைக்குள் அப்பா, நான், மாவு. என் புத்திக்கு எட்டியது அவ்வளவுதான்.

குத்தாலத்தில் ஒரு சிலையை நிறுத்த வேண்டும் என்று அப்பா கிளம்பினார். "பாப்பா, சாக்கு காயாமப் பாத்துக்க. வேளைக்கு ஒரு கொடம்" என்று என்னிடம் சொல்லிவிட்டுப் போனார். கத்திரி வெயில். மூன்று நாள் நான் ஒரு குடம்கூட ஊற்றவில்லை. மறந்துபோய் அல்ல. பிளாஸ்டிக் தாளையும் நானே அவிழ்த்துவிட்டேன்.

திரும்பி வந்த அப்பா சாக்கை விலக்கியபோது அந்தப் பெண்ணின் முதுகு நெடுக வெடித்திருந்தது; நாற்றுப் பிடித்த கை கீழே விழுந்து தூளாகிக் கிடந்தது. தண்ணீர் ஊற்றினாயா என்று கேட்டார். ஊற்றினேன் என்றேன். அப்பளம் போல் மொறுமொறுத்த சாக்கைத் தடவிப் பார்த்துவிட்டு, அம்மாவிடம், "வெயில நான்தான் சரியாக் கணக்குப் பண்ணல" என்றார். அடித்திருந்தால் அழுது தீர்த்திருப்பேன். அப்படி விட்டதுதான் என்னைக் கட்டிப்போட்டது.

நாலு நாள் கழித்து அடுத்த சிலைக்காக மறுபடி பெஞ்சில் படுத்தேன். மாவு இறுகிச் சூடேறும்போது என்னால் தாங்க முடியவில்லை. சுவரைப் பார்த்தபடியே, "நான்தாம்ப்பா தண்ணி ஊத்தல. வேணும்னேதான்" என்றேன். அப்பாவின் கை என் தோளில் இருந்தது. அவர் ஏதோ சொன்னார். அந்த அதிர்வு கை வழியாகத் தெரிந்தது, சொல் தெரியவில்லை. அச்சைக் கழற்றியதும் "சுட்டுச்சா?" என்று மட்டும் கேட்டார். என்ன சொன்னீர்கள் என்று கேட்கும் தைரியம் எனக்கு வரவில்லை. சென்னைப் பேச்சு வீட்டில் பிறகு எழவே இல்லை. அப்பா செத்தவர்களையே செய்துகொண்டிருந்தார், நான் படுத்துக்கொண்டே இருந்தேன்.

பின்னாளில் சாலையை அகலப்படுத்தியபோது கொட்டகை போய்விட்டது. தாத்தா சிலை மாட்டுக்கொட்டிலில் சாக்கு சுற்றிக் கிடக்கிறது. அப்பாவால் இப்போது மண் பிசைய முடியாது. பின்கட்டு அறையில் உட்கார்ந்து ஓவியம் வரைகிறார். எல்லாம் குனிந்த முதுகுகள், ஒன்றுக்கும் முகம் இல்லை. காது மந்தமாகி மிஷின் மாட்டியிருக்கிறார். போன பொங்கலுக்கு ஊருக்குப் போனபோதுதான் கேட்டேன், அன்றைக்கு என்ன சொன்னீர்கள் என்று.

எந்த அன்றைக்கு என்று அவர் கேட்கவில்லை. தூரிகையைக் கழுவிக்கொண்டே சொன்னார்: "எனக்கும் போகப் பயமாத்தான் இருந்துச்சு பாப்பான்னு சொன்னேன். குத்தாலத்துல ஒரு நாள் வேலதான். மிச்ச ரெண்டு நாளும் காஞ்சா காயட்டும்னு சும்மாத்தான் ஒக்காந்திருந்தேன்."

சொல்லிவிட்டு, கீச்சென்று கத்திய மிஷினைக் காதிலிருந்து கழற்றி மேசையில் வைத்து, படத்தின் பக்கம் திரும்பிக்கொண்டார். எனக்குக் கோபம் கோபமாக வந்தது. முப்பது வருஷம். "அப்ப ஏம்ப்பா அத என் தலையில கட்டுனீங்க?" என்று கேட்டேன். சத்தமாகக் கேட்கவில்லை. அவர் வரைந்துகொண்டிருந்தார்.