ஹீரோவின் இடது ஷூவுக்காக ஆம்பூர் வரை

பாலாற்றில் தண்ணீர் ஓடுவதே அதிசயம். போன டிசம்பரில் ஓடியது. ஓடியதோடு எங்கள் ஹீரோவின் இடது ஷூவையும் கொண்டுபோய்விட்டது. வாலாஜாபேட்டை பக்கம் ஒரு டிவி தொடரின் படப்பிடிப்பு. ஹீரோ ஓடும் காட்சி பாதி எடுத்தாயிற்று, மீதி மறுநாள் காலை. பாதி ஓட்டத்தில் ஷூ மாறினால் பார்ப்பவர்கள் சிரிப்பார்கள், என் வேலை போய்விடும். வருடக்கணக்கில் இஸ்திரி போட்டு, பட்டன் தைத்து, காஸ்ட்யூம் சூப்பர்வைசராக எனக்குக் கிடைத்த முதல் தொடர் இது. இரண்டு ஜோடி கேட்டிருந்தேன். "ஒண்ணு போதும்மா" என்றார் தயாரிப்பு மேலாளர். மகராசன்!

வேலூர் வரை கம்பெனி வண்டி. லாங் பஜாரில் ஒரு மணி நேரம் அலைந்தும் அந்த மாடல் இல்லை. அங்கிருந்து பஸ்ஸில் ஆம்பூர்: ஐம்பது கிலோமீட்டர், ஒன்றேகால் மணி நேரம். முன்பு அந்த ஷூவை வாங்கிய கடைக்கே போனேன். ஏற்றுமதியில் மிஞ்சியதை விற்கும் சின்னக் கடை; நடத்துபவர் நஸீமா அக்கா. போனில் இருந்த படத்தைக் காட்டினேன்.

"அது தீர்ந்துபோச்சேம்மா. புது மாடல் பாரு, ஜோரா இருக்கு."

"புதுசு வேணாங்க்கா. இதே ஷூ, ஹீரோ போட்டிருந்தது மாதிரி தேஞ்சதா இருந்தா தேவல."

"இன்னாம்மா இது, காசு குடுத்துப் பழசு கேக்குறே!" என்று சிரித்தவர் சட்டென்று நிறுத்திவிட்டுப் போனை எடுத்தார். "ஏங்க, இன்னிக்கு கால்ல இன்னா போட்டுனு போனீங்க?"

அவர் கணவர் சலீம் பாய்க்கு ஷூ கம்பெனியில் வேலை. ஐந்தரைக்குத்தான் ஷிப்ட் முடியும். அதுவரை கத்தரிக்காயோடு ஒரு பிரியாணி, நூற்று எண்பது ரூபாய். அத்தனை கவலையிலும் நன்றாகவே இறங்கியது, மறைப்பானேன்.

அவர் வந்ததும் நம்பர் பார்க்க அவர் காலடியில் உட்கார்ந்துவிட்டேன். "அய்யோ, எழுந்திரும்மா!" என்று இரண்டடி பின்னால் போனார். அதே மாடல், அதே ஒன்பதாம் நம்பர்.

"முனையெல்லாம் உரிஞ்சிருக்கேம்மா" என்றார் கூச்சத்தோடு.

"அதான் வேணும், பாய்!"

அவருக்கு ஆயிரத்து இருநூறு ரூபாயில் புது ஜோடி. பழைய ஜோடியை மடியிலேயே வைத்துக்கொண்டு திரும்பினேன்.

மறுநாள் ஹீரோ ஓடினார். இயக்குநர் மானிட்டரைப் பார்த்தார், "அடுத்த ஷாட்" என்றார். அவ்வளவுதான். யாரும் கவனிக்கவில்லை என்றால் நான் ஜெயித்துவிட்டேன். அதற்குக் கைதட்டல் கிடையாது.

ஆம்பூரில் ஷூ வாங்கப் போகிறவர்கள் வெள்ளி மதியத்தைத் தவிர்த்துவிடுங்கள், தொழுகைக்காகப் பல கடைகள் மூடியிருக்கும். மிஞ்சிய சரக்கை அநேகமாகத் திருப்பி எடுக்க மாட்டார்கள். இரண்டு காலிலும் போட்டு நடந்து பாருங்கள்.

அந்தக் காட்சி ஒளிபரப்பான இரவு நஸீமா அக்கா அழைத்தார். "ஹீரோ மூஞ்சிய நாங்க பாக்கவே இல்லம்மா. இவரு டிவி பக்கத்துலயே போய்க் குந்திக்கினாரு. அந்த லெஃப்ட் ஷூ எங்களுதுதானே?"

"ஆமாங்க்கா" என்றேன். திரையில் என் வேலையைப் பார்த்ததாக ஒருவர் சொன்னது அன்றுதான்.